மூன்றாவது தடவை கேட்காதவன்

1

இந்தக் கதைக்குக் காரணம் என் வாய். நுணலும் தன் வாயால் கெடும் என்பது எனக்காகவே சொன்னது. இருபத்திரண்டு வருடம் பிறர் எழுதியதையே படம்பிடித்தேன். ஐம்பது வயதில் நானே ஒரு திரைக்கதை எழுதினேன், அன்சலி காயலில் படகோட்டும் இரண்டு சகோதரிகளைப் பற்றி. அதற்கு ஒளிப்பதிவும் நானே. இயக்கியவன் மனூச்செஹர். படம் முடிந்ததும் தெஹ்ரானில் எங்கள் வீட்டுக்குத் தேநீருக்கு வந்தவன், “ஐயா, எழுத்துக்கு உங்க பேரைத்தானே போடணும்?” என்றான்.

“என் பேரு எதுக்கு? உங்க பேரையே போடுங்க” என்றேன். மறுபடி கேட்டான். என்னுடையதெல்லாம் உங்களுடையதுதான் என்றேன். ஈரானியர்களான நாங்கள் மரியாதைக்கு இரண்டு தடவை மறுப்போம், மூன்றாவதற்கு ஒப்புக்கொள்வோம். டாக்சிக்காரர்கூட முதலில் காசு வேண்டாம் என்பார். காத்திருந்தேன். மனூச்செஹர் நன்றி சொல்லி, சர்க்கரைக்கட்டியை வாயில் போட்டுக்கொண்டான்.

2

(முதலில் எழுதிய தொடக்கம்: ‘மனூச்செஹர் ஒரு திருட—’

அடித்துவிட்டேன். அவன் ஐந்து வயதிலிருந்து ஜெர்மனியில், ஹாம்பர்க்கில் வளர்ந்தவன். சொன்னதை அப்படியே நம்பினான், பாவம். கதைக்குக் கிடைத்த ஒரே வில்லனும் போய்விட்டான்.)

3

சனிக்கிழமை படத்தில் வரும் பெயர் அட்டைகள் முடிவாகும். வெள்ளியன்றுதான் மனைவி கோல்னாஸிடம் வாய் திறந்தேன்.

“அவனுக்கு மூணாவது தடவை கேக்கத் தெரியாது. உங்களுக்குச் சொல்லத் தெரியாதா? வெளிச்சம் சரியில்லன்னா மட்டும் ஊரையே நிறுத்திவைக்கிறீங்க.”

மறுநாள் படத்தொகுப்பு அறைக்குக் கிளம்பினேன். (பாதி வழியில் திரும்பிவிட்டதாக ஒரு முடிவும் எழுதிப் பார்த்தேன். கோல்னாஸ் படித்துவிட்டு அந்தத் தாளின்மேல் பூண்டு உரித்தாள்.)

மனூச்செஹர் முகம் வாடியிருந்தது. எழுதாததற்குப் பெயர் வாங்குவது மனசை உறுத்துகிறதாம். தேநீர் ஊற்றிக்கொண்டே, உங்கள் பெயரைப் போடட்டுமா என்றான். எனக்கு வந்த சந்தோஷம் கொஞ்சநஞ்சமல்ல. ஆனால் வாய் என்ன சொன்னது தெரியுமா?

“அட, அதுக்கென்ன இப்போ.”

மறுபடி கேட்டான். உங்கள் பெயரே அழகாகத்தான் இருக்கிறது என்றேன். அவன் கை சர்க்கரைக் கிண்ணத்துக்குப் போயிற்று.

4

இதற்குமேல் நீங்களே முடித்துக்கொள்ளுங்கள். உங்கள் கதைதானே. வேண்டாமா? கூச்சப்படாமல் எடுத்துக்கொள்ளுங்கள்.

பார்த்தீர்களா, இரண்டு தடவை ஆகிவிட்டது! நீங்களும் ஹாம்பர்க்கில் வளர்ந்தவராக இருந்துவிட்டால்?

இல்லை, தரமாட்டேன். முடிவு என்னுடையது. கிண்ணத்துக்குப் போன கையைப் பிடித்தேன்.

“என் பேரையே போடு தம்பி. நான் எழுதினது.”

எழுத்து: ஃபரிபோர்ஸ் லங்கரூதி