பொது லைப்ரரியின் பதினேழாவது வரி

1

பதினேழாவது வரி மாறி ஐம்பத்தொரு மணி நேரம் இருபது நிமிடம் ஆகிறது. இப்போது வியாழக்கிழமை மதியம் மூன்று மணி. நான்கு மணிக்குள் நான் ஒரு பக்க அறிக்கை எழுதிக் கொடுக்க வேண்டும். அதற்குப் பதிலாக இந்தக் கதையை எழுதிக்கொண்டிருக்கிறேன்.

கதை பிறந்த விதம் இதுதான். நேற்று எங்கள் மேலாளர் சசிரேகா மேடம் என் மேசைக்கு வந்தார்.

"இசை, செவ்வாக்கிழம பஸ் மேட்டர்ல என்ன நடந்துச்சின்னு தமிழ்ல ஒரு பக்கம் எழுதிடு. லைன் ஆளுங்க முன்னாடி படிக்கணும். நீதான் நல்லா எழுதுவியே."

தலையாட்டினேன். முழுப் பெயர் இசைவாணி. பக்கத்து மேசைக்குக்கூட என் குரல் கேட்காது. படித்தது பி.எஸ்சி. இயற்பியல். மூன்று வருடம் ஆய்வக நோட்டில் 'நோக்கம், தேவையான பொருட்கள், செய்முறை' என்று எழுதியதுதான் என் இலக்கியச் சேவை. போன பொங்கல் விழாவுக்கு நான் எழுதிய வரவேற்புரையை வேறொருவர் படித்தார். கைதட்டலும் அவருக்கே. அன்றிலிருந்து அலுவலகத்தில் நான் எழுத்தாளர்.

(ஓர் எச்சரிக்கை. இந்தக் கதையில் ஓர் உண்மையை மறைத்திருக்கிறேன். அதைச் சீக்கிரமே கண்டுபிடித்துவிட்டதாக நினைப்பீர்கள். அப்படியே நினைத்துக்கொண்டிருங்கள்.)

2

முதல் தொடக்கம்: அன்று ஒரகடத்தின் மேல் வானம் கருத்து, எதையோ—

எங்கள் அறைக்கு ஜன்னலே கிடையாது.

இரண்டாம் தொடக்கம்: தாண்டவராயன் மீசையை முறுக்கியபடி கீபோர்டை இழுத்து—

தவறு யார் மேலாவது விழ வேண்டுமே என்றுதான் தாண்டவராயனைப் படைத்தேன். நாற்பது வயது, வெளியூர், யாரையும் மதிக்காதவன். அரைப் பக்கம் வரை நன்றாகத் தப்பு செய்தான். பிறகு பாஸ்வேர்டு தப்பாக அடித்துவிட்டு, கம்ப்யூட்டரிடம் "சாரி" என்றான். அது என் பழக்கம். அவனைக் கோடு போட்டு அடித்துவிட்டேன்.

மூன்றாம் தொடக்கம்: பிரவீனா என்றொரு பெண் இருந்தாள். அவளுக்குப் பயிற்சிக் காலம் முடிய இன்னும் நாற்பது நாள் இருந்தது.

சரி. இவள் இருக்கட்டும்.

3

இனி கொஞ்சம் பாடம். பொறுத்துக்கொள்ளுங்கள், அறிக்கையிலும் இதை எழுத வேண்டும்.

எங்கள் தொழிற்சாலையில் இணையத்தில் ஓடும் செயலிகள் மூன்று: பஸ்ஸுக்கு ஒன்று, கேன்டீனுக்கு ஒன்று, கேட்டுக்கு ஒன்று. ஷிஃப்ட் எத்தனை மணிக்கு, உற்பத்தி லைன் எத்தனை என்பது போன்ற விவரங்களை அவை தனித்தனியே வைத்துக்கொள்வதில்லை. ஒரே ஃபைலிலிருந்து படிக்கின்றன. அதற்குப் பெயர் பொது லைப்ரரி. மூன்று வீட்டுக்கும் சேர்த்து ஒரே தண்ணீர் மோட்டார் இருப்பது போல. உங்கள் வீட்டுக் குழாயைச் சரிபார்க்க நீங்கள் மோட்டாரை நிறுத்தினால், பக்கத்து வீட்டில் தலையில் ஷாம்பூவோடு ஒருவர் நிற்பார்.

அந்த ஃபைலை எல்லோரும் ஒரே பாஸ்வேர்டில்தான் திறக்கிறோம். அது மானிட்டரின் ஓரத்தில் மஞ்சள் காகிதத்தில் ஒட்டியிருக்கிறது. அதனால் ஒரு விதி: எந்த வரியை மாற்றினாலும் அதன் பக்கத்தில் உங்கள் பெயரையும் தேதியையும் எழுத வேண்டும். யார் கை வைத்தார்கள் என்று அறிய வேறு வழியில்லை.

செவ்வாய்க்கிழமை பதினொன்று நாற்பதுக்கு, கேன்டீன் திரையைச் சோதிப்பதற்காகப் பிரவீனா இரண்டாம் ஷிஃப்ட் நேரத்தை இரண்டு மணியிலிருந்து ஒன்றரையாக மாற்றினாள். புதிதாக அடிக்கச் சோம்பல். மேலே இருந்த வரியை நகலெடுத்துக் கீழே, பதினேழாவது வரியாக ஒட்டினாள். அது எங்களோடு வேலை செய்யும் ஜீவானந்தம் அண்ணன் ஜூன் மாதம் முறையாக எழுதிய வரி. நேரத்தை மாற்றினாள். தேதியை மாற்றினாள். பெயரை மாற்ற மறந்துவிட்டாள். பத்து நிமிடத்தில் பழையபடி ஆக்கிவிடலாம் என்று நினைத்தாள். அதற்குள் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டார்கள். லெமன் சாதம்.

பஸ் செயலி அந்த ஒன்றரையைப் படித்தது. ஷிஃப்டுக்கு முக்கால் மணி நேரம் முன்னால் பஸ்ஸை அனுப்பு என்பதுதான் அதற்குத் தெரியும். ஒன்றே கால் மணிக்குச் சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷனிலிருந்து கிளம்ப வேண்டிய பஸ்கள் பன்னிரண்டே முக்காலுக்குக் காலியாகக் கிளம்பின. ரயிலில் வந்து இறங்கிய நூற்று நாற்பத்து மூன்று பேர் வெயிலில் நின்றார்கள். லைன் முப்பத்தைந்து நிமிடம் ஓடவில்லை.

லைன் ஆட்கள் சார்பில் பேசுபவர் தசரதன் அண்ணன். அன்று எங்கள் அறை வாசலில் நின்று கத்தினார்.

"டிரைவராண்ட கேட்டா, ஃபோன்ல டைம் காட்டுச்சி, வுட்டுட்டு வந்துட்டேன்றான். ஷேர் ஆட்டோகாரன் சிரிக்கிறான்யா, இன்னா உங்க கம்பெனிய மூடிட்டாங்களான்னு!"

சசிரேகா மேடம் ஃபைலைத் திறந்தார். பதினேழாவது வரியைப் போட்டோ எடுத்தார். நேரத்தைத் திருத்தினார். "ஜீவானந்தமா?" என்றார். பிரவீனா அவர் நாற்காலிக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தாள்.*

* இந்த இடத்தில் பிரவீனா 'ஏதோ சொல்ல வாயெடுத்தாள்' என்று எழுதியிருந்தேன். அழகான வாக்கியம். அவள் வாயெடுக்கவில்லை.

4

ஜீவா அண்ணன் நான்கு வருடமாகக் கான்ட்ராக்டில் இருக்கிறார். வருகிற ஒன்றாம் தேதி நிரந்தரம் ஆவதாக இருந்தது. புதன்கிழமை காலை அவருடைய கார்டு கேட்டில் வேலை செய்யவில்லை. இன்று நான்கு மணி விசாரணையில் பெயர் உறுதியானால், இனி எப்போதும் செய்யாது.

இன்று காலை அவருக்குப் போன் செய்தேன். (பிரவீனா செய்ததாக எழுதிப் பார்த்தேன். அவளிடம் அவருடைய நம்பர் இல்லை.)

"இன்னாம்மா இசை, சாப்ட்டியா?" அவர்தான் முதலில் கேட்டார்.

"சாப்ட்டேண்ணா. நீங்க?"

"எனக்கின்னா, வூட்ல கீறேன். மாவரைக்கத் தொரத்திட்டா உங்க அண்ணி. நாலு வருஷத்துல மொத தபா மில்லாண்ட வந்துகீறேன். மணிமங்கலம் ஊரே இங்கதான் க்யூல கீது."

நான் சிரித்தேன். சிரித்திருக்கக் கூடாது.

"அண்ணா, உங்களாண்ட ஒண்ணு சொல்லணும்…"

"இரு, நான் ஒண்ணு சொல்றேன். அந்த ஃபைல தொட்டதா எனக்கு ஞாபகமே இல்ல இசை. ஆனா பேரு என் பேரு, தேதியும் கரீட்டா கீது. யோசிச்சி யோசிச்சி, நான்தான் மாத்திட்டு மறந்துட்டனோன்னு எனக்கே டவுட்டா பூட்ச்சி. டாக்டராண்ட போலாமான்றா அவ. சரி, நீ இன்னாமோ சொல்ல வந்தியே?"

"மாவு புளிக்காம பாத்துக்கோங்கண்ணா," என்றேன்.

5

சாத்தியமான முடிவுகள்.

ஒன்று: பிரவீனா யாருக்கும் தெரியாமல் ஃபைலைத் திறந்து ஜீவானந்தம் என்ற பெயரை அழிக்கிறாள். நேற்று இதை யோசித்தேன். போட்டோவை ஏற்கெனவே பிரின்ட் எடுத்துவிட்டார்கள்.

இரண்டு: மேடம் மேசையில் ஒரு மொட்டைக் கடிதம். ஆனால் எங்கள் அலுவலகத்தில் ஒற்றுப்பிழை இல்லாமல் தமிழ் எழுதுபவள் ஒருத்திதான்.

மூன்று: பிரவீனா கம்பீரமாக எழுந்து, தெளிந்த குரலில்—

இவள் யாரென்றே எனக்குத் தெரியாது.

மூன்று ஐம்பது ஆகிவிட்டது. அறிக்கையில் இப்படி எழுதி முடித்தேன்: 'பொது லைப்ரரியின் பதினேழாவது வரியில் எதிர்பாராத மாற்றம் காணப்பட்டது.' 'மழை பெய்தது' என்பது போல் ஒரு வாக்கியம். அதில் ஆளே இல்லை.

6

மணி ஐந்தேகால். திரும்பி வந்து எழுதுகிறேன்.

அறையில் மேடம், மனிதவளப் பிரிவிலிருந்து ஒருவர், தசரதன் அண்ணன். கடைசி நாற்காலியில் இஸ்திரி போட்ட சட்டையோடு ஜீவா அண்ணன். விசிட்டர் பாஸில் உள்ளே விட்டிருக்கிறார்கள். நான் படித்தேன். ஆளில்லாத வாக்கியத்துக்கு வந்ததும் தசரதன் அண்ணன் கையைக் காட்டினார்.

"நிறுத்தும்மா. மாற்றம் காணப்பட்டதா? காத்துல வந்துச்சா அது? யாரு மாத்துனது?"

"பேர்தான் ஃபைல்லயே இருக்கே தசரதன்," என்றார் மேடம்.

ஜீவா அண்ணன் எழுந்தார். "நானாத்தான் மேடம் இருக்கும். ஞாபகம் இல்ல. எழுதிக் குடுத்துடறேன், வுடுங்க. அந்தப் பொண்ணு எதுக்கு நின்னுகினு கீது?"

மேடம் ஒரு வெள்ளைத் தாளை அவர் பக்கம் நகர்த்தினார். அவர் பேனா மூடியைத் திறந்து, 'ஜீ' என்று எழுதினார். அடுத்து 'வா'.

கதையை இங்கே நிறுத்தி முடிவை உங்கள் கையில் கொடுத்துவிட்டு நழுவுவதுதான் என் திட்டம். பிரவீனா ஏதாவது பேசுவாள் என்று காத்திருந்தேன். அவள் அந்த அறையில் இல்லை.

வாயைத் திறந்தேன்.

"இன்னாம்மா, உள்ளுக்குள்ளயே பேசிகினு கீற? ஒண்ணும் கேக்கல," என்றார் தசரதன் அண்ணன்.

அதற்குப் பிறகு மேடம் என்ன சொன்னார், நாற்பது நாள் என்ன ஆயிற்று, ஜீவா அண்ணன் என் முகத்தைப் பார்த்தாரா என்பதெல்லாம் இதில் வராது. உங்களுக்குப் பிடித்த முடிவை வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாம் தடவை, எல்லோருக்கும் கேட்கும்படி, நான் சொன்னதோடு நிறுத்துகிறேன்.

"மாத்துனது நான்தான். ஜீவா அண்ணன் இல்ல. பேர மாத்த மறக்கல மேடம். சேவ் பண்றதுக்கு முன்னாடியே பாத்தேன். ஏதாவது ஆச்சின்னா என் பேரு வராதுன்னு அப்பிடியே வுட்டுட்டேன்."