வலப்பக்கத்து ஜன்னல்

ஊரைச் சுற்றிப் பார்க்கலாமா என்று அவள் கேட்டதும், தலை துவட்டிக்கொண்டிருந்த கணவர் கையை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தார். வெளியூர் என்றாலே கால்வலி, தலைவலி என்று சாக்குச் சொல்கிறவள் அவள். அவருக்கு லிஃப்ட் பரிசோதிக்கும் உத்தியோகம். பழைய கட்டடங்களில் லிஃப்ட் பொருத்துவது பற்றிய ஒரு கூட்டத்துக்காக இந்தத் துறைமுக நகரத்துக்கு வந்திருந்தார். எத்தனையோ ஊர்களுக்குக் கூப்பிட்டும் மறுத்தவள், இந்த முறை நானும் வரட்டுமா என்று தானாகவே கேட்டு, பல் செட்டு செய்யும் பட்டறையில் லீவு சொல்லிவிட்டுக் கூடவே கிளம்பியிருந்தாள். கூட்டமும் ஒரு நாள் முன்னதாகவே முடிந்துவிட்டது.

"மஞ்சள் பஸ் ஒண்ணு ஓடுதாம். ஒரு டிக்கெட் எடுத்தா போதும், நாள் பூரா எங்க வேணா இறங்கிப் பாத்துட்டு அடுத்த பஸ்ல ஏறிக்கலாமாம்," என்றாள்.

யார் சொன்னது என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் ஓட்டல் வரவேற்பறைப் பெண் என்று சொல்லத் தயாராக இருந்தாள். சொன்னது அவளுடைய அம்மா.

அவளுடைய தம்பி இந்த ஊரில்தான் இருந்தான். முன்பற்கள் இரண்டும் சற்று நீண்டு தெரிவதால் வீட்டில் அவனுக்கு முயல் என்றே பெயர். அவள் கல்யாணத்தன்றே அவனும் கணவரின் ஒரே தம்பியும் ஒட்டிக்கொண்டார்கள். ஒரே வயது, ஒரே கிறுக்கு. மச்சான் மச்சான் என்று தோளில் கைபோட்டுத் திரிந்தார்கள். பெண் கொடுத்ததால் வந்த சம்பந்தம் பெயருக்குத்தான், இந்த இரண்டு பயல்களால்தான் இரண்டு வீடும் ஒன்றாயிற்று என்று பெரியவர்களே சொல்வார்கள். நாலு வருஷத்துக்கு முன்னால் ஒரு சாயங்காலம் இருவரும் ஒரு சின்னப் படகை இரவல் வாங்கிக்கொண்டு கழிமுகத்துக்குப் போனார்கள். படகு கவிழ்ந்தது. முயல் கரையேறி வந்தான். கொழுந்தனின் உடல் மறுநாள் கரை ஒதுங்கியது.

இரவெல்லாம் தேடியவர்களோடு தேடிவிட்டு, முழங்கால்வரை சேறோடு துக்க வீட்டு வாசலில் வந்து நின்றான் முயல். அத்தனை பேர் முன்னாலும் கணவர் அவனிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டார்.

"நீ மட்டும் எப்படிடா வந்தே?"

அவன் வாயைத் திறக்கவில்லை. அன்றே ஊரைவிட்டுப் போய்விட்டான். அதற்குப் பிறகு அந்த வீட்டில் யாரும் அவன் பேச்சை எடுத்ததில்லை. அண்ணி அண்ணி என்று வளைய வந்த பிள்ளைக்காக அவளும் மனசாரத்தான் அழுதாள். ஆனால் உயிரோடு தொலைந்தவனுக்காக அழ அந்த வீட்டில் இடமில்லை. அதற்குக் குளியலறைக் குழாயைத் திறந்துவிட வேண்டியிருந்தது.

போன மாதம் அம்மா போனில் குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னாள். "படகுக்கு உறை தைக்கிற கடையில இருக்கானாம். மாடியில மெஷினாம். ஜன்னலை ஒட்டி மஞ்சள் பஸ்ஸு போகுமாம். மேல உக்காந்திருக்கிறவங்க மூஞ்சி அவன் மூஞ்சிக்கு நேரா வருமாம். ஆனா ஒருத்தரும் அவன் பக்கம் திரும்ப மாட்டாங்களாம். எதிர்ல ஏதோ பழைய மாளிகை இருக்காம், அதைத்தான் பாப்பாங்களாம்."

அவ்வளவுதான் தெரிந்தது. தெருப் பெயரை அவன் அம்மாவுக்கும் சொல்லவில்லை.

கடற்கரையோர நிறுத்தத்தில் பேருந்து நின்றிருந்தது. கண்டக்டர் பெண் இருவர் மணிக்கட்டிலும் ஒரு காகிதப் பட்டையைச் சுற்றி ஒட்டினாள். "பாஸான லிஃப்டுக்கு நான் வைக்கிற சீல் மாதிரியே இருக்கே," என்றார் கணவர். அவர் வேடிக்கையாகப் பேசியே வெகுநாளாயிற்று. அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. அவரை ஏமாற்றுகிறோம் என்பது அப்போதுதான் உறைத்தது.

மேல்தளத்தில் கூரை இல்லை. வலப்பக்க இருக்கையில் ஓரமாக அவள் உட்கார்ந்தாள். கணவர் வரைபடத்தை விரித்தார். கடல்காற்று அதைப் பிடுங்கி முகத்தில் அறைந்தது. மடித்து மடித்து ஒரு கைக்குட்டை அளவுக்குக் கொண்டுவந்து, அதில் விரல் வைத்துக்கொண்டு வந்தார். காதில் மாட்டிய கருவியில் ஒரு பெண்குரல் ஊரின் கதையைச் சொன்னது. கோட்டையை யார் கட்டினார்கள், யார் பிடித்தார்கள், யார் பீரங்கியால் உடைத்தார்கள் என்றது. கலங்கரை விளக்கமும் பழைய சுங்க அலுவலகமும் உப்புக்காற்றில் அரித்துப்போன கிடங்குகளும் கடந்து போயின. அவள் எதையும் காதில் வாங்கவில்லை. ஒவ்வொரு திருப்பத்திலும் மாடி ஜன்னல்களைப் பார்த்துக்கொண்டு வந்தாள்.

பிறகு பேருந்து ஒரு குறுகலான தெருவுக்குள் நுழைந்தது. இரண்டு பக்கமும் கையை நீட்டினால் தொடலாம் போல வீடுகள். இடப்பக்கம் பாருங்கள் என்றது குரல். கப்பல் வியாபாரி ஒருவனின் மாளிகை. மொத்தக் கூட்டமும் ஒரே கழுத்தாக இடப்பக்கம் திரும்பியது. கணவரும் எழுந்து நின்று பார்த்தார்.

அவள் வலப்பக்கம் திரும்பினாள். ஒரு கொடியில் உள்பாவாடைகள் காய்ந்தன. அடுத்த ஜன்னலில் ஒருவர் முகத்தில் சோப்பு நுரையோடு சவரம் செய்துகொண்டிருந்தார். அதற்கடுத்து நீளமாக ஒரு ஜன்னல். உள்ளே நீலத் தார்ப்பாய்கள் மலைபோலக் கிடந்தன. இரண்டு தையல் மெஷின்கள். இரண்டின் முன்னாலும் ஆளில்லை. ஒரு நாற்காலியின் முதுகில் சாம்பல் நிறச் சட்டை ஒன்று தொங்கியது. அது அவனுடையதா என்று அவளுக்குத் தெரியவில்லை. அதற்குள் பேருந்து தாண்டிவிட்டது.

"மாளிகை இந்தப் பக்கம். நீ என்ன ஊரான் வீட்டை எட்டிப் பாக்கறே?" என்றார் கணவர்.

வெயில் கூசுகிறது என்றாள்.

கோட்டைக்குள் ஒரு கப்பல் அருங்காட்சியகம் இருந்தது. பாய்மரக் கப்பல்களில் சரக்கேற்றிய பளுதூக்கிகளை அங்கே வைத்திருக்கிறார்கள் என்று கேட்டதுமே கணவருக்கு இருப்புக் கொள்ளவில்லை. முட்டி வலிக்கிறது, நீங்கள் பார்த்துவிட்டு வாருங்கள், நான் பஸ்ஸிலேயே ஒரு சுற்றுப் போய்விட்டு இங்கேயே வந்து இறங்குகிறேன் என்றாள். அவர் நம்பினார். இறங்கும்போது தண்ணீர் பாட்டிலை அவள் மடியில் வைத்துவிட்டுப் போனார்.

இரண்டாவது சுற்றில் அந்தத் தெருவுக்குள் நுழைந்தபோது, முன்னால் ஒரு லாரி சாமான் இறக்கிக்கொண்டிருந்தது. பேருந்து நின்றுவிட்டது. நின்ற இடம் நீள ஜன்னலுக்கு நேர் எதிரே.

அவன் தைத்துக்கொண்டிருந்தான். குனிந்த தலை. கன்னம் ஒட்டி, காதோரம் நரைத்திருந்தது. முரட்டுத் துணியை இரண்டு கையாலும் மெஷினுக்குள் தள்ளிக்கொண்டிருந்தான். அவள் காதுக்கருவியைக் கழற்றினாள். கூப்பிட வாயெடுத்தாள். அதற்குள் அவனாகவே நூலைப் பல்லால் கடித்து அறுக்க முகத்தை உயர்த்தினான். எல்லாரும் மறுபக்கம் திரும்பியிருந்த அந்தப் பேருந்தில் ஒரு முகம் மட்டும் தன்னைப் பார்ப்பதைக் கண்டான். நூல் அப்படியே பல்லிடுக்கில் நின்றது. பிறகு எழுந்து ஜன்னலைவிட்டு உள்ளே போய்விட்டான்.

தெருக்கோடி நிறுத்தத்தில் அவள் இறங்கித் திரும்பி நடந்தாள். நடந்தாளா ஓடினாளா என்று அவளுக்கே தெரியாது. கீழே கயிறு விற்கும் கடை. பக்கவாட்டில் மரப்படி. மேலே மெழுகும் புதுத் தார்ப்பாயும் கலந்த வாசனை அடித்தது. அவன் சுவரோரமாக நின்றிருந்தான். மறைய இடமில்லாமல் நிற்பவனைப் போலிருந்தான்.

"ஏன்க்கா வந்தே?"

"உன்னை வந்து பாக்க எனக்கு உரிமை இல்லையா?"

"அத்தானுக்குத் தெரியுமா?"

அவள் தலையாட்டிய விதத்திலேயே புரிந்துகொண்டான். அப்படியானால் உடனே போய்விடு, உன் குடும்பத்தையும் நான் கெடுக்க வேண்டாம் என்றான். அவள் போகவில்லை. அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். விரல் நுனிகளெல்லாம் ஊசி குத்திக் காய்த்திருந்தன. சாப்பாடு, தூக்கம், தங்குமிடம் என்று கேட்டவற்றுக்கெல்லாம் ஒற்றை வார்த்தையில் பதில் வந்தது. கடைசியில், நாலு வருஷமாக மனசுக்குள் உருட்டிக்கொண்டிருந்ததைக் கேட்டாள். "அன்னிக்கு என்னடா ஆச்சு? என்கிட்டயாவது சொல்லு."

அவன் கையை விடுவித்துக்கொண்டான். படியில் காலடிச் சத்தம் கேட்டது. வாசலில் கணவர்.

அருங்காட்சியகத்திலிருந்து வந்த அவர், சொன்ன இடத்தில் அவளைக் காணாமல் போன் செய்து பார்த்திருக்கிறார். போன் பையின் அடியில் கிடந்தது. பயந்துபோய் அடுத்த பேருந்தில் ஏறி, தெருவின் இரண்டு பக்கமும் தேடிக்கொண்டே வந்திருக்கிறார். ஜன்னலில் மனைவியின் முதுகும், அவளுக்கு எதிரே அந்த முகமும் தெரிந்திருக்கிறது.

யாரும் யாரையும் உட்காரச் சொல்லவில்லை. கணவருக்கு மூச்சு வாங்கியது. அடித்துவிடுவாரோ என்று அவள் நடுவில் போய் நின்றாள். அவர் அவளைப் பார்க்கவேயில்லை.

"அவ கேட்டதுக்குப் பதில் சொல்லு," என்றார்.

முயல் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னான். படகு கவிழ்ந்ததும் இருவரும் அதன் முதுகைப் பிடித்துக்கொண்டு மிதந்தார்கள். நீரின் இழுப்பு அவர்களைக் கடலுக்குள் கொண்டுபோனது. இருட்டிக்கொண்டு வந்தது. கத்தினால் கேட்கும் தூரத்தில் யாரும் இல்லை. இவனுக்கு நன்றாக நீச்சல் வரும், கொழுந்தனுக்கு அரைகுறை. நீ போய் ஆள் கூட்டி வா, நான் இதைப் பிடித்துக்கொண்டு கிடக்கிறேன் என்று சொன்னது அவன்தான். இவன் மாட்டேன் என்றான். அவன் திட்டினான். ரெண்டு பேரும் சேர்ந்து சாவதில் என்னடா பெருமை என்று கேட்டான். இவன் நீந்திக் கரையேறி ஆட்களோடு திரும்பிப் போனபோது, படகு இருந்தது, அவன் இல்லை.

கணவர் கேட்டார். "பயந்தானா?"

"பயந்தான் அத்தான். உதடு நடுங்கிச்சு. ஆனா சிரிச்சான். அண்ணன் காதுக்குப் போகாம பாத்துக்க, போச்சுன்னா கொன்னுடுவான்னு சொன்னான்."

கணவர் பக்கத்தில் கிடந்த தார்ப்பாய்ச் சுருளின் மேல் உட்கார்ந்துவிட்டார். இரண்டு உள்ளங்கையாலும் முகத்தைத் தேய்த்தார். தேய்த்துக்கொண்டே இருந்தார்.

"அன்னிக்கே இதைச் சொல்றதுக்கென்ன?"

"நீங்க கேட்டப்ப வாய்வரைக்கும் வந்துச்சு. அவன்தான் போகச் சொன்னான்னு சொன்னா, செத்தவன் தலையில பழியைக் கட்டின மாதிரி ஆயிடும்னு தோணுச்சு. அப்புறம், அவன் போன்னு சொன்னா நான் போயிடறதா? அதுக்கு என்கிட்ட பதில் இல்ல. இன்னிக்கும் இல்ல."

"நீ சொல்றதுக்கு சாட்சி கிடையாது."

"கிடையாது."

"ஆனா அவன் அப்படித்தான் சொல்லியிருப்பான்," என்றார் கணவர்.

பிறகுதான் அவள் பக்கம் திரும்பினார். இவன் இங்கே இருப்பது தெரிந்துதான் வந்தாயா என்று கேட்டார். ஆமாம் என்றாள். என்னிடம் கேட்டிருந்தால் விட்டிருக்க மாட்டேன் என்றார். அதில் கோபமில்லை, கணக்குச் சரிபார்ப்பது போலிருந்தது. "பேசிட்டு வா. கீழ நிக்கறேன்," என்று படியிறங்கினார். முயலிடம் வருகிறேன் என்று சொல்லவில்லை. தோளைத் தொடவுமில்லை.

அவர் போனதும் முயல் சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதான். அவள் அவன் முதுகில் கை வைத்துக்கொண்டு நின்றாள். வெளியே அடுத்த மஞ்சள் பேருந்து போயிற்று. வீட்டுக்கு வா என்று சொல்ல அவளுக்குத் தைரியம் வரவில்லை. எந்த வீட்டுக்கு என்று அவன் கேட்டுவிடுவானோ என்று பயமாக இருந்தது. அம்மாவிடம் வாரம் ஒரு தடவையாவது பேசு என்று மட்டும் சொன்னாள். சரி என்றான்.

ஓட்டலுக்கு இருவரும் நடந்தே போனார்கள். வழியெல்லாம் கணவர் தன் தம்பியைப் பற்றிப் பேசினார். சின்ன வயதில் சைக்கிளை உடைத்துவிட்டு, அடிக்குப் பயந்து ஒரு நாள் முழுக்கப் பரணில் ஒளிந்திருந்தானாம். எதுக்கெடுத்தாலும் அவன் என்னிடம் பயந்துதான் வளர்ந்தான் என்றார். "அவ்வளவு பயமுறுத்தியா வச்சிருந்தேன்?" என்று கேட்டார். அவள் என்ன சொன்னாலும் பொய்யாகவோ கொடுமையாகவோ இருக்கும் போலிருந்தது. கூட நடந்தாள்.

வீடு திரும்பியதும் கணவர் தன் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னார். மாமியார் பூராவும் கேட்டாள். நாலு வருஷம் உட்கார்ந்து நன்றாகத்தான் கதை கட்டியிருக்கிறான் என்றாள். "இல்லம்மா, கதை இல்ல," என்றார் கணவர். அன்றிலிருந்து மாமியார் மகனோடு முகம்கொடுத்துப் பேசுவதில்லை. தட்டை வைத்துவிட்டு உள்ளே போய்விடுகிறாள். முயலைப் பார்க்கப் போனவள் என்று மருமகளோடு பேச்சை அடியோடு நிறுத்திவிட்டாள். முன்பைவிட வீடு இறுக்கமாகத்தான் இருக்கிறது.

பட்டறையில் மத்தியான இடைவேளையில் அவள் தம்பிக்குப் போன் செய்கிறாள். இப்போது அதை யாரிடமும் மறைப்பதில்லை. சில சாயங்காலங்களில் கணவர், எப்படி இருக்கானாம் என்று கேட்கிறார். இருக்கான் என்கிறாள். அதற்குமேல் இருவருக்கும் பேச்சு நீள்வதில்லை. முயல் ஊருக்கு இன்னும் வரவில்லை. வா என்று யாரும் இன்னும் கூப்பிடவுமில்லை.