இருநூறு மீட்டர் பலகை

"எத்தனாவது வந்தே?"

பத்து வருஷமா, ரேஸ் முடிஞ்சதும் அம்மா போன்ல கேக்குற முதல் கேள்வி இதுதான். சாப்டியா, அடி கிடி பட்டுச்சா, இதெல்லாம் அப்புறம்.

"எழுபதோ என்னவோம்மா. சரியாப் பாக்கல."

"அய்யய்யோ, அத்தனை பேரா உன்னத் தாண்டிப் போனாங்க?"

"அம்மா, எங்க டீம் ஜெயிச்சிருக்கு. மின்னல் முதல்ல வந்திருக்கா."

"அவ வந்தா அவளப் பெத்தவளுக்கு சந்தோஷம். எனக்கென்ன?"

இதுக்கு மேல என்னத்தச் சொல்ல? ரோட்ல நடக்குற சைக்கிள் ரேஸ் ஒருத்தி தனியா ஆடுற ஆட்டம் இல்ல, ஒரு டீமே சேர்ந்து ஒருத்திய ஜெயிக்க வைக்கிற வேலைன்னு சொல்லிச் சொல்லி எனக்கு வாய் வலிச்சதுதான் மிச்சம். முன்னாடி போறவ மேலதான் காத்து முழுசா அறையும். அவ பின் சக்கரத்துல ஒட்டிக்கிட்டு வர்றவளுக்குப் பாதி மிதிச்சாப் போதும். எங்க டீம்ல ஜெயிக்கிற ஆளு மின்னல். அவளுக்குக் காத்து மறைக்கிற ஆளு நான். கடைசி கிலோமீட்டர்ல அவள எனக்குப் பின்னாடி வெச்சு, நாக்குத் தள்ள மிதிச்சு இழுத்துட்டுப் போய், இருநூறு மீட்டர்னு பலகை நட்டிருக்குற இடத்துல சட்டுனு வலப்பக்கம் விலகி, "போ!"ன்னு ஒரு கத்து கத்தணும். அவ பறந்து போய் ரெண்டு கையையும் தூக்குவா. போட்டோ எடுப்பாங்க. நான் அதுக்கப்புறம் மூச்சு வாங்கிக்கிட்டே, பால்காரன் மாதிரி மெதுவா உருட்டிட்டுப் போய்ச் சேருவேன். டீம்ல எனக்குப் பேரு கதவு. அடைக்கச் சொன்னா அடைக்கணும், திறக்கச் சொன்னா திறக்கணும்.

ஒரு தடவை சமையல் மேடையில டம்ளரையெல்லாம் வரிசையா வெச்சு அம்மாவுக்கு விளக்கினேன். பொறுமையாக் கேட்டா. கேட்டுட்டு, முதல் டம்ளரத் தொட்டு, "இது நீதானே?"ன்னா.

"ஆமா."

"நீதான் முன்னாடி இருக்கியே. அப்படியே போக வேண்டியதுதானே? நீ ஏண்டி நகரணும்?"

தலையில அடிச்சுக்கிட்டேன்.

இந்த வருஷம் சீசன் முடியப் போற நேரத்துல மேனேஜர் என்னத் தனியாக் கூப்பிட்டாரு. டீம் பஸ்ஸோட பின் சீட்டு. மனுஷன் என் முகத்தப் பாக்காம ஜன்னலப் பாத்துக்கிட்டே பேசினாரு.

"அடுத்த வருஷம் ஆளு குறைக்கிறாங்கம்மா. ஸ்பான்சர் ஆளுங்க ரிசல்ட்டத்தான் பாக்குறாங்க. உன் பேருக்கு நேரா ஒரு ஜெயிப்புகூட இல்ல."

"எப்படி சார் இருக்கும்? நீங்கதானே விலகுன்னு சொன்னீங்க?"

"எனக்குத் தெரியும்மா. அவங்களுக்குத் தெரியாதே."

வந்துச்சு பாருங்க எனக்கு ஆத்திரம்! அப்ப போய்ச் சொல்லேன்யா, உனக்கு வாய் இல்லையான்னு கேக்க நினைச்சேன்.

"ஒண்ணே ஒண்ணு உன் பேர்ல இருக்கட்டும். எவ்வளவு சின்ன ரேஸா இருந்தாலும் சரி. நான் பேசிப் பாக்குறேன்"ன்னாரு. இன்னும் பாக்கி இருந்தது ஒரே ஒரு ரேஸ். அதுலயும் மின்னலுக்குக் கதவு திறக்குற வேலைதான். எங்க போய் ஜெயிக்கிறது?

அன்னிக்குக் குளிக்கிற முறை வந்தப்பவும் எனக்குக் கடைசிதான். பஸ்ல ஒரே ஒரு குளியலறை, ஆளு நின்னா முழங்கை ரெண்டு பக்கமும் இடிக்கும். ஜெயிச்சவ முதல்ல குளிப்பா. அப்புறம் மத்தவங்க. எனக்கு வர்றப்ப சுடுதண்ணி தீந்து, குழாய் இருமிக்கிட்டு இருக்கும். பத்து வருஷமாப் பச்சைத் தண்ணியில பல்லு கிட்டிக்கிட்டு குளிச்சவ நான்.

கடைசி ரேஸ் அன்னிக்குக் காலையில இருந்தே மழை தூறிக்கிட்டு இருந்துச்சு. அம்மா அக்கா வீட்டுக்குப் போயிருந்தா. அங்க பெரிய டிவி, முதல் தடவையா நேரா பாக்கப் போறாளாம். பாதி ரேஸ்ல நான் தண்ணி பாட்டில் வாங்க எங்க டீம் காருக்குப் பின்தங்கி வந்தேன். மெக்கானிக் அண்ணன் ஜன்னல் வழியா ஒவ்வொண்ணா நீட்ட, நான் வாங்கி சட்டை முதுகுல திணிச்சுக்கிட்டு இருந்தேன்.

"பாத்து, முதுகுலயே நிறைமாசமா இருக்க"ன்னு அவர் கிண்டல் பண்ணி வாய் மூடல, மின்னல் ரோட்டோரமா நிக்குறது தெரிஞ்சுது. முகம் சுண்ணாம்பா வெளுத்திருந்துச்சு.

"அக்கா, வயிறு பிடுங்குது. சத்தியமா முடியல"ன்னா. அவ சைக்கிளக் கார் மேல ஏத்தினாங்க. அவள உள்ள தூக்கிப் போட்டுக்கிட்டாங்க.

காதுல மாட்டியிருந்த ரேடியோவுல மேனேஜர் குரல். "சரி, இன்னிக்கு நீதான்."

"நான்தான்னா? என்ன செய்யணும்?"

"ஜெயிக்கணும்மா! மத்தவங்க உனக்கு வேலை பாப்பாங்க. போ!"

எனக்கு வேலை பாப்பாங்களாம்! பாட்டிலயெல்லாம் எங்க டீம் பிள்ளைங்ககிட்ட விநியோகம் பண்ணிட்டு மிதிக்க ஆரம்பிச்சேன். நிஜமாவே பாத்தாங்க. மேடு வர்ற வரைக்கும் அந்தச் சின்னப் பிள்ளைங்க மாத்தி மாத்தி என் முன்னாடி நின்னு காத்த வாங்கிக்கிட்டாங்க. ஒருத்தி பின்னாடி ஒளிஞ்சு போறது இவ்வளவு சொகமா? இந்தச் சொகத்துலயா இத்தனை நாளா அந்த மின்னல் வந்துக்கிட்டிருந்தா? வயித்தெரிச்சலா இருந்துச்சு, சொல்லிடுறேன்.

மேட்டுல கூட்டம் சிதறிடுச்சு. எங்க பிள்ளைங்களும் கழண்டுட்டாங்க. உச்சியத் தாண்டுறப்ப மிச்சம் அஞ்சே பேர். அதுல சிவப்புச் சட்டைக்காரி ஒருத்திதான் எனக்குப் பயம், கடைசி நேரத்துல பாயுறதுல கெட்டிக்காரி.

முடிவுக் கோட்டுக்குக் கொஞ்சம் முன்னால ஒரு வளைவு. ஈரத்துல வழுக்கும், முதல்ல திரும்புறவளப் பிடிக்க முடியாதுன்னு மேனேஜர் காலையிலயே சொல்லியிருந்தாரு. நான்தான் முதல்ல திரும்பினேன். பிரேக்கத் தொடவே இல்ல. விழுந்தா விழட்டும்னு பல்லைக் கடிச்சுக்கிட்டுப் படுத்துத் திரும்பினேன். நிமிர்ந்தப்ப பின்னாடி யாரும் ஒட்டல, ரெண்டு சைக்கிள் நீளத்துக்கு இடைவெளி. ரெண்டு பக்கமும் ஜனங்க நின்னு தடுப்பத் தட்டுறாங்க. காதுக்குள்ள டீம் கார்ல இருந்து மேனேஜர் கத்துறாரு, மெக்கானிக் அண்ணன் கத்துறாரு, வயித்தப் பிடிச்சுக்கிட்டு மின்னல் கத்துறா, "அக்கா போ, அக்கா போ!"

மின்னல் குரல். எதிர்ல இருநூறு மீட்டர் பலகை.

நான் விலகிட்டேன்.

வலப்பக்கம், சட்டுனு, எப்பவும் போல சுத்தமா. யோசிச்சா செஞ்சேன்? கைதானே திரும்புச்சு. திரும்பினதோட விட்டேனா? கக்கத்துக்குக் கீழ எட்டிப் பாத்து, மின்னல் வர்றாளான்னு தேடி, "போ!"ன்னு கத்தவும் செஞ்சேன். நல்லா உரக்க.

சிவப்புச் சட்டைக்காரி போனா.

அப்பதான் உறைச்சுது. அடிப்பாவின்னு திரும்பவும் எழுந்து மிதிச்சேன். விட்ட வேகம் வருமா? அவ கோட்டத் தாண்டுறப்ப என் முன் சக்கரம் அவ காலுக்குப் பக்கத்துலதான் இருந்துச்சு. ரெண்டாவது.

அந்தப் பொண்ணு ஓடி வந்து என்னக் கட்டிக்கிட்டு தேங்க்ஸ் சொன்னா. கிண்டல் இல்ல, மனசாரத்தான் சொன்னா. அதுதான் எனக்கு இன்னும் எரிஞ்சுது.

பஸ்ஸுக்கு வந்தா வாசல்லயே மேனேஜர். திட்டட்டும், வாங்கிக்கலாம்னு தலையக் குனிஞ்சுக்கிட்டு நின்னேன். மனுஷன் முகம் மலர்ந்து நிக்குறாரு.

"உன் விஷயம் முடிஞ்சுதும்மா. ஸ்பான்சர் ஆளுங்க கூடாரத்துல உக்காந்து பாத்துட்டு இருந்தாங்க. ரேஸ் முடிஞ்சதும் நான் போய் விளக்கினேன். பின்னாடி ஆளே இல்லாதப்பவே இப்படி விலகுறா, ஆள் இருந்தா எப்படி இருக்கும்னு. விழுந்து விழுந்து சிரிச்சாங்க. அடுத்த வருஷமும் நீ இருக்க. மின்னலுக்கு உன்ன மாதிரி ஒருத்தி எங்க கிடைப்பா?"

பத்து வருஷமா விலகினது அவங்க கண்ணுல படல. இன்னிக்குப் பட்டுடுச்சாம்! கையில இருந்த ஹெல்மெட்டத் தூக்கி அடிக்கலாம்னு இருந்துச்சு. "சரி சார்"ன்னுதான் சொன்னேன். வேற என்ன சொல்ல? எனக்கு வேற எந்த வேலை தெரியும்?

உள்ள மின்னல் துண்டத் தோள்ல போட்டுக்கிட்டு குளியலறைக்குப் போக எழுந்தா. நான் அவளுக்கு முன்னாடி நுழைஞ்சு தாழ்ப்பாள் போட்டுட்டேன். சேறு பூட்ஸோட, சட்டையோட அப்படியே நின்னேன். வரும்போதே சீட்ல இருந்து எடுத்திருந்த போன் அடிச்சுது.

அம்மா எத்தனாவதுன்னு கேக்கல. "ஏண்டி, நல்லாத்தானே போயிட்டு இருந்தே?"ன்னா.

"ஆமாம்மா."

"திடீர்னு நகந்துட்டியே. பின்னாடி உங்க ஆளு யாராச்சும் வந்தாளா?"

"யாரும் வரலம்மா."

"அப்ப யாருக்குடி வழி விட்டே?"

எவ்வளவு அடக்கியும் கேவல் வெளிய வந்துடுச்சு. "அழுறியா? ஏய், அழுறியாடி?"ன்னு அம்மா கேட்டுக்கிட்டே இருந்தா. "ஆமாம்மா, அழுறேன்"ன்னேன்.

கதவ மெல்லத் தட்டினாங்க. மின்னல்தான்.

"அக்கா, இன்னும் எவ்வளவு நேரமாகும்? சுடுதண்ணி தீந்துடும்க்கா."

"தீரட்டும்"ன்னேன். தாழ்ப்பாள ஒரு தடவை இழுத்துப் பாத்துட்டு, குழாய முழுசாத் திறந்து விட்டேன்.