கையில் நின்றுபோன தாவல்

அன்று மழையா வெயிலா என்று இப்போது உறுதியாகச் சொல்ல முடியவில்லை. மறைந்த நடன இயக்குநரின் கடைசி நடனத்தை வீடியோவில் பார்த்துப் பழகிய குழு, ஓரிடத்தில் உள்ளங்கையை மேலே தூக்கிப் புரட்டியது. அவரிடம் நேரில் கற்றவள் அந்தக் குழுவில் ஒருத்திதான்.

"அது கையசைவு இல்ல, தாவல். முட்டி போனப்புறம் அவங்க தாவ முடியாம அதைக் கையாலதான் காட்டுவாங்க," என்றாள்.

"வீடியோல இருக்கறதுதான் எங்கம்மா நடனம். மாத்தினா அனுமதி கிடையாது," என்றாள் இயக்குநரின் மகள்.

"அப்ப உங்கம்மா முட்டிவலியையும் சேர்த்து ஆடணுமாடி?"

கேட்டவளே ஓடிவந்து தாவினாள். காற்றில் உடல் புரண்டு, ஓசையின்றி இறங்கியது.

"அம்மா கூடத்துல இப்படித்தான் தாவுவாங்க," என்றாள் மகள். "எல்லாரும் தாவுங்கப்பா!"

அரங்கேற்றத்தில் சபையே எழுந்து நின்று கைதட்டியது. குழு இப்போது ஊர் ஊராக அதை ஆடுகிறது. மகள் வாசலில் டிக்கெட் கிழிக்கிறாள். நேரில் கற்றவள் இன்னும் தாவுகிறாள்.