வெள்ளையும் நெட்டும்

என் இரண்டாம் கல்யாணத்துக்கு வெள்ளைப் பட்டும் தலையில் நெட்டும் என்று நான் சொன்னதும் குடும்பத்தில் பாதிப் பேருக்கு முகம் சுருங்கியது. மீதிப் பேர் எனக்குப் புத்தி சொல்லக் கிளம்பினார்கள்.

சேலையை மாப்பிள்ளை வீட்டார் எடுத்துத் தருவது எங்கள் வழக்கம். லிஜோ வீட்டார் வேன் பிடித்து என்னையும் வடசேரி ஜவுளிக்கடைக்குக் கூட்டிப் போனார்கள். கடைக்காரர் என் வயதைக் கணக்கிட்டு சந்தனம், இளம்பச்சை, மங்கிய மஞ்சள் என்று விரித்துக்கொண்டே போனார். நான் மெல்லிய ஜரிகைக் கரை போட்ட வெள்ளையைக் கேட்டு வாங்கித் தோளில் போட்டுப் பார்த்தேன். முதல் கல்யாணத்துக்குச் சேலை எடுத்தவர்கள் என்னைக் கடைக்கே கூட்டிப் போகவில்லை. முப்பத்தேழு வயதில்தான் என் கல்யாணச் சேலையை நானே தேர்ந்தெடுத்தேன். அந்தச் சந்தோஷத்தைக் காட்டக் கூச்சமாக இருந்ததால் முகத்தை உம்மென்று வைத்துக்கொண்டு வேனில் ஏறினேன்.

எங்கள் சபையில் கல்யாணப் பெண் வெள்ளை உடுத்து, முகத்தை மூடுகிற மாதிரி நெட் என்கிற வலைத்துணி போட்டு, தலை குனிந்து ஆலயத்துக்குள் வருவாள். என்னைப் போலப் புருஷனை இழந்தவள் மறுபடி கட்டினால் மட்டும் கலர் சேலையில், நெட் இல்லாமல், சத்தம் காட்டாமல் முடித்துக்கொள்ள வேண்டுமாம். அப்படி எங்கே எழுதியிருக்கிறது என்று போதகரிடம் கேட்டேன். எங்கேயும் இல்லை, உன் இஷ்டம் என்றார். லிஜோவும் மனைவியை நோய்க்குப் பறிகொடுத்தவர்தான். தக்கலையில் பைக் ஒர்க்‌ஷாப் வைத்திருக்கிறார். அவர் கறுப்புக் கோட்டு தைக்கக் கொடுத்தபோது, இரண்டாவதுக்குக் கோட்டு எதற்கு என்று ஒரு ஆளும் வாய் திறக்கவில்லை.

என் அண்ணன் மனைவி சபிதா மதினி இரணியலில் என் வீட்டுக்கே வந்து உட்கார்ந்துவிட்டாள்.

"நான் செல்லது உனக்க நல்லதுக்குதான், ராகேலு. வெள்ளையும் நெட்டும் ஒருக்கதான். ஆளுவ என்ன செல்லுவாவ?"

ஆட்களுக்கு வாய் இருக்கிறது, சொல்லிவிட்டுப் போகட்டும் என்றேன். சந்தன நிறம் உனக்கு எடுப்பாக இருக்கும் என்றாள். இருக்கும், ஆனால் உடுக்க மாட்டேன் என்றேன். போட்ட காப்பியைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து போனாள். அவள் போன பிறகு மீதிக் காப்பியை வாழைக்கு ஊற்றிவிட்டு என் வேலையைப் பார்த்தேன்.

ஊரே திரண்டு வந்தாலும் மாறியிருக்க மாட்டேன். என்னை அசைத்தது ஜாஸ்மி, என் மகள். ஏழாம் வகுப்பு படிக்கிறாள். பிளவுஸ் தைத்து வந்த அன்று சேலையை உடுத்து, நெட்டையும் போட்டுக் கண்ணாடி முன்னால் நின்றேன். பள்ளிக்கூடம் விட்டு வந்தவள் வாசலிலேயே நின்றுவிட்டாள். எப்படி இருக்கிறது என்று கேட்டதற்கு, "கொள்ளாம், நல்லாதான் இருக்கு" என்று சுவரைப் பார்த்துச் சொல்லிவிட்டு உள்ளே போனாள். அதன் பிறகு என்னிடம் சரியாகப் பேசவில்லை. சாப்பாட்டைக் கிளறிவிட்டு எழுந்தாள்.

கல்யாணமே அவளுக்குப் பிடிக்கவில்லையோ என்று முதலில் பயந்தேன். ஆனால் லிஜோவைக் கட்டச் சொல்லி முதலில் தலையாட்டியதே அவள்தான். அவர் பைக்கில் ஏறிப் பள்ளிக்கூடம் போவதென்றால் அவளுக்கு உயிர். அப்படியானால் சேலைதான் காரணம். பிள்ளை கூட வெட்கப்படுகிறதோ, மதினி சொன்னதுதான் சரியோ என்ற சந்தேகம் எனக்குள் வந்து உட்கார்ந்தது. மாற்றிவிடலாம் என்று சேலையைப் பையில் வைத்துக்கொண்டு பஸ்ஸுக்குக் கிளம்பியும் விட்டேன். முற்றத்தில் இறங்கியதும் எனக்கே கோபம் வந்தது. பிள்ளையிடம் ஒரு வார்த்தை கேட்காமல் நான் எங்கே ஓடுகிறேன்? திரும்பி உள்ளே போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டேன்.

நகத்தைக் கடித்தாள். பிறகு சொன்னாள்.

"அப்பாவ அடக்கம் பண்ணுன அண்ணைக்கு நீ இப்பிடித்தான் இருந்த."

துட்டிக்கு, சாவு வீட்டில், வெள்ளை உடுக்க வேண்டும். அன்றைக்கு வீட்டில் இருந்த ஒரே வெள்ளைச் சேலை என் கல்யாணச் சேலைதான். பீரோவிலிருந்து அதை எடுத்து எனக்கு உடுத்திவிட்டது இதே சபிதா மதினி. ஆட்கள் என்ன சொல்வார்கள் என்று அன்றைக்கு அவள் கேட்கவில்லை. முந்தானையை இழுத்து முக்காடு போட்டு என்னைப் பெட்டியின் பக்கத்தில் உட்கார வைத்தார்கள். ஜாஸ்மிக்கு அப்போது ஆறு வயது.

"மாத்திருவோம் மக்கா," என்றேன். "நீ எந்தக் கலர் செல்லுதியோ அத உடுக்கேன்." மனதாரத்தான் சொன்னேன். நெஞ்சு வலித்ததும் உண்மை.

அவள் வேண்டாமென்று தலையை ஆட்டினாள்.

"சேலைய மாத்தாண்டாம். அண்ணைக்கு நீ முக்காட்டுக்குள்ளயே இருந்த. நான் பக்கத்துலதான் நிண்ணேன். என்னய ஒருக்க கூட பாக்கல்லம்மா."

அவளைக் கட்டிக்கொண்டு அழுதேன். அவளும் அழுதாள். அழுது முடித்து முகத்தைக் கழுவிவிட்டு மதினிக்குப் போன் போட்டேன். வெள்ளைதான், நெட்டும் உண்டு, ஆனால் முகத்துக்கு முன்னால் விட மாட்டேன், தலையும் குனிய மாட்டேன் என்றேன். இதற்குப் பழைய பிடிவாதமே மேல் என்று மதினி போனை வைத்துவிட்டாள்.

கல்யாணத்தன்று அண்ணன் கையைப் பிடித்து ஆலயத்துக்குள் நடந்தேன். நெட் முதுகில் கிடந்தது. பெஞ்சுகளில் குசுகுசுவென்று பேச்சு ஓடியது. தலையைக் குனி என்று மதினி பின்னாலிருந்து பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னாள். போட்டோக்காரர் மாப்பிள்ளையைப் பார்க்கச் சொல்லிக் கையை ஆட்டி ஆட்டி ஓய்ந்துபோனார். ஜாஸ்மி முதல் பெஞ்சின் ஓரத்தில் நின்றாள். நான் அவளையே பார்த்துக்கொண்டு நடந்தேன். அவளும் கண்ணை எடுக்கவில்லை.

லிஜோ பக்கத்தில் போய் நின்ற பிறகும் என் முகம் அவள் பக்கமே இருந்தது. போதகர் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு காத்திருந்தார். ஜாஸ்மி இரண்டடி முன்னால் வந்து என் கையைத் தொட்டாள்.

"மதிம்மா, என்னயப் பாத்தது போதும்," என்றாள். "இனி அவிய பக்கம் பாரு."

நான் திரும்பினேன்.