தாழ்ப்பாள்மேல் கை

"நடிக்கவே வேண்டாம்க்கா. அன்னிக்கு என்ன நடந்துச்சோ அதையே செய்யுங்க" என்றாள் படத்தை இயக்கும் பெண். நடிகர்களே இல்லாத சின்னப் படம். அவரவர் அவரவராகவே வரவேண்டும். இஸ்திரிக் கடைக்காரிக்கு இதுவரை அதில் சிரமமே இருக்கவில்லை. துணி தேய்த்தாள், புருஷனோடு சாப்பிட்டாள், காமிராவை ஏறெடுத்தும் பார்க்கவில்லை.

இன்று எடுப்பது புருஷன் திரும்பி வந்த நாள். சொல்லாமல் கொள்ளாமல் போனவன், இரண்டு வருஷம் கழித்து ஒரு மத்தியானம் வந்து கதவைத் தட்டினான். அவள் திறந்தாள், சாப்பாடு போட்டாள். எங்கே போனீர்கள் என்று இன்றுவரை கேட்கவில்லை. கேட்டால் மறுபடியும் போய்விடுவானோ என்ற பயம்.

புருஷன் தெருவில் நின்று தட்டினான். அவள் தாழ்ப்பாளில் கை வைத்தாள். கை அசையவில்லை.

மறுபடி தட்டினான்.

"திறங்கக்கா" என்று கிசுகிசுத்தாள் இயக்குநர்.

"எங்க போயிருந்தீங்க?" என்றாள் அவள், கதவைப் பார்த்து.

வெளியே ஏதோ முணுமுணுப்பு. அவள் காதில் அது விழவில்லை. புருஷனின் சட்டைக்குள் மைக் இருந்ததால், ஹெட்போன் மாட்டியிருந்த இயக்குநருக்குக் கேட்டது. அந்தப் பெண்ணின் முகம் வெளிறிப்போனது.

"என்ன சொன்னாரு?"

"அக்கா... நிறுத்திடலாமா?"

"எனக்கு வரவேண்டிய பதில் உனக்கு எதுக்கு? குடு இப்படி." பிடுங்கித் தன் காதில் வைத்துக்கொண்டாள். "இன்னொரு தடவை சொல்லுங்க."

"எங்கயும் போகல. இதே ஊர்லதான். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னாடி ஒரு ரூம்ல. வேலை போயிடுச்சு. உன் முகத்துல முழிக்கத் துணிச்சல் வரல. நாளாக நாளாக, சுத்தமா வரல."

அவள் கதவை ஓங்கி அறைந்தாள். "நான் பிணவறை வரைக்கும் போய்த் தேடினேனே! துணிய விலக்கி விலக்கிக் காட்டினாங்களே!"

அவன் விம்முவது இப்போது கதவைத் தாண்டியே கேட்டது.

தாழ்ப்பாளை நீக்கினாள். "காமிராவ அணைங்க. எல்லாரும் வெளிய போங்க."

அவர்கள் வெளியேற, அவன் உள்ளே வந்தான். இரண்டு வருஷத்துக்கும் சேர்த்து வாங்கிக் கட்டிக்கொண்டான். தெருவில் நின்றவர்கள் ஒருவரை ஒருவர் பார்க்காமல் நின்றார்கள்.

சாயங்காலம் கண் வீங்கி வெளியே வந்தவளிடம் இயக்குநர் தயங்கித் தயங்கிக் கேட்டாள்: "அத வச்சுக்கட்டுமாக்கா? வேணாம்னா அழிச்சிடறேன்."

அவள் திரும்பிப் புருஷனைப் பார்த்தாள். அவன் மெல்லத் தலையாட்டினான்.

"வச்சுக்கோ. கதவு திறக்கறதோட நிறுத்திடு. மிச்சம் எங்க வீட்டு விஷயம்."