இரண்டாவது டேக் கிடையாது

இயக்குநருக்குச் சுதந்திரம் என்றால் உயிர். கருவிகள் எப்படி மனுஷனை இருபத்துநாலு மணி நேரமும் வேவு பார்க்கின்றன என்று உலகத்துக்கு உறைக்க வேண்டும். அதற்கு ஒரு பரிசோதனைப் படம் எடுக்கக் கிளம்பினார். அதற்காகத் தன் வீட்டிலேயே ஐந்து கேமராக்களைப் பொருத்தினார். கதாநாயகி, பல் மருத்துவமனையில் வரவேற்பாளராக இருக்கும் அவர் மனைவி. சம்மதம் கேட்டாரா என்றால், கேட்டார். ஏணிமேல் நின்று கடைசி ஸ்க்ரூவை முறுக்கிக்கொண்டே கேட்டார்.

படத்துக்கு ஒரே விதி. நடிப்பு கூடாது, இரண்டாவது டேக் கிடையாது. நடந்தது நடந்ததுதான்.

பதினோரு மாதம் அவள் தின்றதும் தும்மியதும் அக்காவோடு போனில் அழுததும் பதிவாயின. சொந்த வீட்டில் விருந்தாளி மாதிரி நடமாடினாள். முதுகு சொறியக்கூடக் குளியலறைக்குப் போனாள்.

"சமையலறையில இருக்கிறதையாவது கழட்டுங்களேன். மூச்சு முட்டுதுங்க," என்றாள் ஒருநாள்.

"அதைத்தானே படம் சொல்லுது!" அவர் பூரித்துப் போனார். "என்ன இயல்பா சொன்னே!"

"படத்துக்குச் சொல்லல, உங்ககிட்ட சொல்றேன். ஞாயித்துக்கிழமைக்குள்ள கழட்டலன்னா அக்கா வீட்டுக்குப் போயிடுவேன். அப்புறம் வரமாட்டேன்."

அதுவும் பதிவாகியிருந்தது. அதை மூன்று தடவை போட்டுப் பார்த்து, ஒலியை மட்டும் கொஞ்சம் கூட்டினார். கேமராக்கள் இருந்த இடத்திலேயே இருந்தன.

திங்கட்கிழமை மத்தியானம் எடிட்டிங் அறையில் உட்கார்ந்து அன்றைய காட்சிகளைத் திறந்தார். எட்டு பத்துக்கு அவள் பெட்டியை மூடுகிறாள். கூடத்தைக் கடக்கிறாள். வாசலை நெருங்குகிறாள். அதோடு சரி. வாசல் கேமராவை அன்று காலையில் அவர்தான் கழட்டிச் சார்ஜில் போட்டிருந்தார். திரும்ப மாட்ட மறந்துவிட்டார்.

உடனே அவள் நம்பரை அழுத்தினார். மணி போய்க்கொண்டே இருந்தது. பாவம், மனுஷனுக்குக் கண்கூடக் கலங்கிவிட்டது.

எட்டாவது தடவை எடுத்தாள்.

"சொல்லுங்க."

அந்தக் குரலில் இன்னும் கொஞ்சம் ஈரம் இருந்தது. எல்லாத்தையும் கழட்டிட்டேன், வாம்மா என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அடுத்த பஸ்ஸில் வந்திருப்பாள்.

"நீ வாசல் தாண்டிப் போனது பதிவாகலம்மா," என்றார். "விதியை இந்த ஒரு தடவை விட்டுடலாம். நாளைக்கு வந்து, அதே டிரஸ்ல, அதே பெட்டியோட, இன்னொரு தடவை போயிடறியா?"